ஸ்டான்லி என்ற பெயர் எங்கிருந்து வந்தது?

கேள்வி இது: "என் மாமனார் பெயர் ஸ்டான்லி. 1934 கடைசியில் சேலம் பக்கம் பிறந்தவர். இப்போது எங்களுக்கு மகன் பிறந்திருக்கிறான், தாத்தா பெயரையே வைக்க ஆசை. அது வெள்ளைக்காரக் கவர்னர் பெயர் என்கிறார் ஒருவர். இல்லை, புனிதர் ஒருவரின் பெயரைச் சுருக்கியது என்கிறார் இன்னொருவர். பெயர்ப் பட்டியல்களில் 'கல் நிலம்' என்று போட்டிருக்கிறது. எதைத்தான் நம்புவது?"

மூவர் சொன்னதிலும் கொஞ்சம் உண்மை இருக்கிறது. 'கல் நிலம்', கவர்னர் இரண்டும் ஒரே பெயரின் வரலாற்றில் வெவ்வேறு காலத்தைச் சேர்ந்தவை. புனிதருடையது வேறொரு பெயர், ஒலி ஒத்துப்போனதால் இதோடு வந்து ஒட்டிக்கொண்டது. ஸ்டான்லி முதலில் ஆள் பெயரே கிடையாது, ஊர்ப் பெயர். ஊரின் பெயரை ஒரு குடும்பம் எடுத்துக்கொண்டது. குடும்பம் பெரிதாகி நாட்டையே ஆட்டிவைக்கும் அளவுக்கு வளர்ந்தது. அதன் பிறகுதான் மற்றவர்கள் அதைத் தங்கள் பிள்ளைகளுக்கு வைக்க ஆரம்பித்தார்கள். உங்கள் மாமனார் பிறந்த வருடத்தையும் இடத்தையும் பார்த்தால் கவர்னர் என்று சொன்னவர் பக்கம்தான் எனக்குச் சாய்வு. அதற்குக் காரணத்தைப் பிறகு சொல்கிறேன்.

முதலில் பொருள். பழைய ஆங்கிலத்தில் 'ஸ்டான்' என்றால் கல். 'லேயஹ்' என்றால் காட்டுக்கு நடுவே மரமில்லாமல் திறந்து கிடக்கும் இடம். அது தானாக அமைந்ததாகவும் இருக்கலாம், மனிதர்கள் மரம் வெட்டி உண்டாக்கியதாகவும் இருக்கலாம். இரண்டையும் சேர்த்தால் கல் மண்டிய காட்டுவெளி. பெயர்ப் பட்டியல்கள் சொல்லும் 'கல் நிலம்' தவறு இல்லை, ஆனால் அதில் காடு காணாமல் போய்விடுகிறது. பெயரின் உயிரே காட்டில்தான் இருக்கிறது. இங்கிலாந்தின் ஊர்ப் பெயர்களை ஆராய்கிறவர்கள், எந்தப் பகுதியில் 'லி' என்று முடியும் ஊர்கள் நெருக்கமாக இருக்கின்றனவோ அங்கே ஆயிரம் வருடங்களுக்கு முன்னால் அடர்ந்த காடு இருந்திருக்கும் என்று கணிக்கிறார்கள். காடு போய்விட்டது, பெயர் மட்டும் நிற்கிறது. நம் ஊரில் காடுவெட்டி என்று கிராமங்கள் இருக்கின்றனவே, கிட்டத்தட்ட அதே வேலையைச் செய்கிற சொல்தான் இந்த 'லி'.

ஸ்டான் என்ற சொல் தனியாக நின்ற இடத்தில் காலப்போக்கில் 'ஸ்டோன்' ஆகிவிட்டது. கூட்டுச் சொல்லின் முன்பாதியாக இருந்தபோது உயிரெழுத்து குறுகி அப்படியே உறைந்துவிட்டது. அதனால்தான் ஸ்டான்லி, ஸ்டான்டன், ஸ்டான்ஃபர்ட் என்று பழைய ஒலி இன்னும் கேட்கிறது. வார்விக்‌ஷயரில் ஸ்டோன்லி என்றும் ஓர் ஊர் இருக்கிறது. அதுவும் இதே பெயர்தான், ஒலி மட்டும் வேறு வழியில் போயிருக்கிறது.

'லேயஹ்' பற்றி இன்னும் ஒன்று சொல்லாமல் நகர மனம் வரவில்லை. மொழியியலாளர்கள் இந்தச் சொல்லின் வேரைப் பின்னோக்கித் தேடிப் போய், காட்டுத் திறப்பு, வெளிச்சம் படும் வெளி என்ற பொருளுள்ள மிகப் பழைய இந்தோ-ஐரோப்பியச் சொல்லில் கொண்டு நிறுத்துகிறார்கள். லத்தீனில் புனிதத் தோப்பைக் குறிக்கும் 'லூக்குஸ்', லிதுவேனிய மொழியில் வயலைக் குறிக்கும் 'லௌகஸ்', நெப்போலியன் தோற்ற வாட்டர்லூவின் கடைசி 'லூ', சமஸ்கிருதத்தின் 'லோக' எல்லாம் அதே வேரில் கிளைத்தவை. பூலோகம், பரலோகம் என்று நாம் தினமும் சொல்கிற லோகத்துக்கும் ஸ்டான்லியின் வாலில் ஒட்டியிருக்கும் 'லி'க்கும் தூரத்து உறவு உண்டு.

தமிழ்க் கிறிஸ்தவக் குடும்பங்களில் புழங்கும் வேறு சில பெயர்களும் இந்த வகைதான். வெஸ்லி மேற்குக் காட்டுவெளி, கிங்ஸ்லி அரசனின் காட்டுவெளி, ஆஷ்லி ஆஷ் மரங்கள் நிற்கும் வெளி, பிராட்லி அகன்ற வெளி. 'டன்' என்று முடிகிறவை வேறு குடும்பம். அந்த விகுதிக்கு வேலியடைத்த பண்ணை, குடியிருப்பு என்று பொருள். இங்கிலாந்தின் வடக்கே உள்ள வாஷிங்டன் என்ற ஊர், அமெரிக்காவின் முதல் ஜனாதிபதியின் முன்னோர்களுக்குப் பெயராகி, அங்கிருந்து எங்கெங்கோ சுற்றி, சென்னைக் கிரிக்கெட் வீரர் வாஷிங்டன் சுந்தர் வரை வந்திருக்கிறது.

சரி, எந்த ஊர் ஸ்டான்லி? கல்லும் காடும் எங்கும் இருந்ததால் இங்கிலாந்தில் ஸ்டான்லிகள் நிறைய. டர்பிஷயரில் ஒன்று, டர்ஹாமில் ஒன்று, யார்க்‌ஷயரில் வேக்ஃபீல்டுக்குப் பக்கத்தில் ஒன்று, குளூஸ்டர்ஷயரில் கிங்ஸ் ஸ்டான்லி, லெனர்ட் ஸ்டான்லி என்று அடுத்தடுத்து இரண்டு. ஆனால் உலகம் அறிந்த ஸ்டான்லி குடும்பத்துக்குப் பெயர் கொடுத்தது ஸ்டாஃபர்ட்‌ஷயரில் லீக் என்ற ஊருக்கு அருகே இருக்கும் சின்னஞ்சிறு கிராமம். 12-ஆம் நூற்றாண்டில் ஆட்லி என்ற நிலக்கிழார் குடும்பத்தின் ஒரு கிளைக்கு அந்தக் கிராமம் கைக்கு வந்தது. அப்போதெல்லாம் நிலம் எதுவோ அதுவே அடையாளம். 'ஸ்டான்லியைச் சேர்ந்த இன்னார்' என்று அழைக்கப்பட்டு, ஓரிரு தலைமுறையில் அதுவே குடும்பப் பெயராக நிலைத்தது.

நமக்கும் ஊர்ப் பெயர் ஆள் பெயராவது புதிது இல்லை. பழனி, சிதம்பரம், காசி, திருப்பதி, அண்ணாமலை என்று எத்தனை பேர்! ஆனால் வழி வேறு. பழனி என்று பெயர் வைத்தவர் பழனியில் நிலம் வைத்திருக்க வேண்டியதில்லை. அங்கே இருக்கிற சாமிக்காக வைத்தார். ஆங்கிலேயர்களின் ஊர்வழிப் பெயர்களில் பெரும்பாலானவை நிலத்தின் மீதிருந்த உரிமையிலிருந்தோ, அந்த ஊரை விட்டு வேறிடம் போனவர்களை அடையாளம் சொல்வதற்கோ வந்தவை. இந்த வேறுபாட்டை மனதில் வைத்தால், ஸ்டான்லி என்ற பெயர் ஏன் இவ்வளவு தூரம் பயணம் செய்தது என்பது சுலபமாகப் புரியும். ஒரு குடும்பத்தின் செல்வாக்குதான் அதைச் சுமந்துகொண்டு போனது.

அந்தக் குடும்பத்தின் கதையைக் கொஞ்சம் விரித்தே சொல்ல வேண்டும். 14-ஆம் நூற்றாண்டின் கடைசியில் சர் ஜான் ஸ்டான்லி என்பவர் லங்காஷயரில் லேதம் என்ற பெரிய பண்ணையின் வாரிசான இசபெல்லைத் திருமணம் செய்துகொண்டார். குடும்பத்தின் கை ஓங்க ஆரம்பித்தது அங்கேதான். 1400-களின் தொடக்கத்தில் நான்காம் ஹென்றி மன்னர் அவருக்கு மான் தீவையே கொடுத்துவிட்டார். இங்கிலாந்துக்கும் அயர்லாந்துக்கும் நடுவே கடலில் கிடக்கும் அந்தத் தீவை ஸ்டான்லிகள் 1736 வரை, ஏறக்குறைய தொடர்ச்சியாக, ஆண்டார்கள். கழுகும் குழந்தையும் இருக்கும் அவர்களுடைய சின்னமும் லேதம் வழியாக வந்ததுதான். கழுகுக் கூட்டில் கண்டெடுத்த குழந்தையை வாரிசாக வளர்த்த கதை ஒன்றை அந்தச் சின்னத்தோடு சேர்த்துச் சொல்வார்கள்.

அப்புறம் 1485, பாஸ்வொர்த் போர். ஒரு பக்கம் மன்னர் மூன்றாம் ரிச்சர்ட், இன்னொரு பக்கம் அரியணைக்கு உரிமை கோரி வந்த ஹென்றி டியூடர். தாமஸ் ஸ்டான்லி பிரபுவுக்கு இரண்டு பக்கமும் கட்டு இருந்தது. ஹென்றியின் தாய் மார்கரெட் போஃபர்ட் அவருடைய மனைவி, அதாவது ஹென்றிக்கு அவர் மாற்றாந்தந்தை. ஆனால் அவருடைய மகன் ஜார்ஜ் ஸ்டான்லி ரிச்சர்டின் பிடியில் பிணைக்கைதி. "வந்து சேராவிட்டால் உன் மகன் உயிரோடு இருக்கமாட்டான்" என்று ரிச்சர்ட் ஆள் அனுப்பியதாகவும், "எனக்கு வேறு மகன்களும் இருக்கிறார்கள்" என்று தாமஸ் பதில் சொன்னதாகவும் ஒரு கதை வழங்குகிறது. கதை உண்மையோ பொய்யோ, போரில் அவர் ஒதுங்கி நின்றார். அவருடைய தம்பி வில்லியம் ஸ்டான்லி கடைசி நேரத்தில் ஹென்றியின் பக்கம் பாய்ந்தார். ரிச்சர்ட் கொல்லப்பட்டார், டியூடர் வம்சம் பிறந்தது. பிணைக்கைதியான மகனும் பிழைத்துக்கொண்டான். அதே வருடம் தாமஸ் டர்பி பிரபுவாக்கப்பட்டார். வெற்றியைத் தேடித் தந்த தம்பி வில்லியமோ பத்து வருடம் கழித்து, அரியணைக்கு வேறொருவர் உரிமை கோரிய விவகாரத்தில் சிக்கி, தலையை இழந்தார்.

குதிரைப் பந்தயத்துக்கு 'டர்பி' என்று பெயர் வந்ததும் இவர்களால்தான். 1780-ல் எப்ஸமில் அந்தப் பந்தயம் தொடங்கியபோது 12-ஆவது டர்பி பிரபுவின் பட்டத்தை அதற்கு வைத்தார்கள். அவரும் ஒரு ஸ்டான்லி.

இனி வருவது நம் ஊருக்கு நேராகத் தொடர்புள்ளது. 14-ஆவது டர்பி பிரபு எட்வர்ட் ஸ்டான்லி மூன்று முறை பிரிட்டனின் பிரதமராக இருந்தவர். அதற்கு முன்பு காலனிகளின் அமைச்சராக 1833-ல் அடிமை ஒழிப்புச் சட்டத்தை நாடாளுமன்றத்தில் கொண்டுவந்தவரும் அவரே. தென் அட்லாண்டிக்கில் ஃபாக்லாந்து தீவுகளின் தலைநகர் ஸ்டான்லி, ஹாங்காங்கின் தெற்குக் கரையில் இருக்கும் ஸ்டான்லி, இரண்டும் அவர் பெயரால்தான். 1858-ல் அவர் இரண்டாவது முறை பிரதமராக இருந்தபோதுதான் கிழக்கிந்தியக் கம்பெனியின் ஆட்சி முடிந்து இந்தியா நேரடியாக ராணியின் கைக்குப் போனது. அந்த மாற்றத்தைக் கையாண்ட, பிரிட்டிஷ் அரசில் இந்தியாவுக்கான முதல் அமைச்சர் யார் தெரியுமா? அவருடைய சொந்த மகன், மூத்தவர், எட்வர்ட் ஹென்றி ஸ்டான்லி.

இளைய மகன் ஃபிரெடரிக் ஸ்டான்லி 1888-ல் கனடாவின் கவர்னர் ஜெனரலாகப் போனார். பிள்ளைகள் பனித்தரை ஹாக்கியில் பைத்தியமாகிவிட, 1892-ல் அந்த விளையாட்டுக்கு ஒரு வெள்ளிக் கிண்ணம் வாங்கிக் கொடுத்தார். அதுதான் ஸ்டான்லி கோப்பை. டொரண்டோவில் இருக்கும் நம்மவர்களுக்கு அதை விளக்க வேண்டியதில்லை. வான்கூவரின் ஸ்டான்லி பூங்காவும் அவர் பெயர்தான்.

அந்த ஃபிரெடரிக்கின் மகன்தான் சர் ஜார்ஜ் ஃபிரெடரிக் ஸ்டான்லி. 1929 நவம்பரிலிருந்து 1934 நவம்பர் வரை சென்னை மாகாணத்தின் கவர்னர். 1934-ல் வைஸ்ராய் வில்லிங்டன் இங்கிலாந்து போயிருந்த சில மாதங்கள் தற்காலிக வைஸ்ராயாகவும் இருந்தார். அதே வருடம் ஆகஸ்ட் 21-ஆம் தேதி மேட்டூர் அணையைத் திறந்து வைத்தார். 1925-ல் தொடங்கிய வேலை ஒன்பது வருடம் நடந்து முடிந்திருந்தது. அணை மேட்டூர் அணைதான், ஆனால் அது தேக்கி வைக்கும் நீர்ப்பரப்புக்கு ஸ்டான்லி நீர்த்தேக்கம் என்று பெயர் வைத்தார்கள். முழுக் கொள்ளளவு 93.47 டிஎம்சி, உயரம் 120 அடி என்று செய்திகளில் நாம் வருடா வருடம் கேட்கிறோமே, அந்த நீருக்கு இன்றும் ஏட்டில் அந்தப் பெயர்தான். தண்ணீர் வெகுவாக இறங்கும் வருடங்களில் பண்ணவாடிப் பக்கம், மூழ்கிய ஊரின் நந்தி சிலையும் தேவாலயக் கோபுரமும் வெளியே தெரியும். அந்த ஊர்க்காரர்கள் தங்கள் வீட்டையும் கோயிலையும் விட்டுப் போனார்கள். பெயர் கவர்னருக்குக் கிடைத்தது.

வடசென்னையில் இருக்கும் ஸ்டான்லி மருத்துவமனையும் கல்லூரியும் இதே ஜார்ஜ் ஸ்டான்லியின் பெயரைத்தான் தாங்கியிருக்கின்றன. அந்த இடத்துக்கு அதைவிடப் பழைய ஒரு பெயர் உண்டு. 18-ஆம் நூற்றாண்டுப் பஞ்ச காலத்தில் அங்கே கஞ்சி ஊற்றினார்கள், அதனால் கஞ்சித்தொட்டி ஆஸ்பத்திரி. ராயபுரம் பக்கத்துப் பெரியவர்கள் அந்தப் பெயரை இன்னும் மறக்கவில்லை. எனக்கும் அந்தப் பெயர்தான் பிடிக்கும், ஏனென்றால் அங்கே யாருக்கு என்ன கிடைத்தது என்பதை அது சொல்கிறது. அங்கிருந்த மருத்துவப் பள்ளி 1930-களில் ஸ்டான்லி என்று பெயர் மாறி, 1938-ல் கல்லூரியானது.

உங்கள் மாமனார் 1934 கடைசியில், சேலம் பக்கம் பிறந்தவர் என்கிறீர்கள். மேட்டூர் அப்போது சேலம் மாவட்டத்தில்தான் இருந்தது, இப்போதும் இருக்கிறது. அணை திறந்த செய்தி, கவர்னர் வந்துபோன பேச்சு எல்லாம் அந்த வட்டாரத்தில் சூடாக இருந்த நேரம். அந்தக் குடும்பத்தில் யாராவது அணை வேலையில் இருந்திருந்தால், எனக்குச் சந்தேகமே இல்லை. கவர்னர் பெயர் என்று சொன்னவர் பக்கம் சாய்ந்ததற்குக் காரணம் இதுதான்.

இதில் உங்களுக்கு ஒரு நெருடல் இருப்பது கேள்வியிலேயே தெரிகிறது. அதை மழுப்பக் கூடாது. ஜார்ஜ் ஸ்டான்லி கவர்னராக இருந்த காலத்தில்தான் 1930 ஏப்ரலில் ராஜாஜி தலைமையில் வேதாரண்யத்துக்கு உப்பு யாத்திரை போனவர்களுக்கு அடியும் சிறையும் கிடைத்தது. 1932 ஜனவரியில் திருப்பூரில் குமரன் போலீஸ் அடியில் உயிரை விட்டதும் அதே ஆட்சியில்தான். அணையைத் திறந்த கையும் அந்த ஆட்சியின் தலைமைக் கையும் ஒன்றே. இதைத் தெரிந்துகொண்டு பெயர் வைப்பது வேறு, தெரியாமல் வைப்பது வேறு. தெரிந்தே வைத்தாலும் தவறு இல்லை என்பது என் கருத்து. ஏன் என்பதற்கு அந்தப் பெயர் சாதாரண மக்களிடம் வந்த விதத்தைப் பார்க்க வேண்டும்.

இங்கிலாந்தில் குடும்பப் பெயரை எடுத்துப் பிள்ளைக்கு முதல் பெயராக வைப்பது 16-ஆம் நூற்றாண்டிலேயே பிரபுக்கள் நடுவே தொடங்கிவிட்டது. ஒன்பது நாள் மட்டும் இங்கிலாந்தின் ராணியாக இருந்த ஜேன் கிரேயின் கணவர் கில்ஃபர்ட் டட்லிக்கு முதல் பெயர் அம்மா வீட்டுக் குடும்பப் பெயரிலிருந்து வந்தது. கில்ஃபர்ட், டட்லி இரண்டுமே ஊர்ப் பெயர்கள். 19-ஆம் நூற்றாண்டில் இந்த வழக்கம் நடுத்தர வர்க்கத்துக்கும், பிறகு தொழிலாளர் வீடுகளுக்கும் பரவியது. பெர்சி, சிட்னி, ஹோவர்ட், கிளிஃபர்ட், ஸ்டான்லி என்று பிரபுக் குடும்பங்களின் பெயர்களை உறவே இல்லாதவர்கள் எடுத்துக்கொண்டார்கள். மூன்று முறை பிரதமரான ஸ்டான்லி பால்ட்வின் 1867-ல் பிறந்தவர். நகைச்சுவை நடிகர் ஸ்டான் லாரல் 1890-ல் ஆர்தர் ஸ்டான்லி ஜெஃபர்சனாகப் பிறந்தார். ஐம்பது வயதிலும் முதல் டிவிஷனில் ஆடிய கால்பந்து வீரர் ஸ்டான்லி மேத்யூஸ், ஒரு முடிதிருத்துபவரின் மகன், 1915-ல் பிறந்தவர். ஐம்பதே வருடத்தில் பெயர் பிரபு வீட்டிலிருந்து முடிதிருத்தகம் வரை வந்துவிட்டது.

அந்தப் பரவலுக்கு இன்னொரு ஸ்டான்லியும் காரணம். ஆப்பிரிக்காவில் மிஷனரிப் பயணி லிவிங்ஸ்டனைத் தேடிக் கண்டுபிடித்த ஹென்றி மார்ட்டன் ஸ்டான்லி. அவர் பிறப்பில் ஸ்டான்லியே இல்லை. வேல்ஸில் 1841-ல் ஜான் ரோலண்ட்ஸ் என்ற பெயரில், திருமணமாகாத தாய்க்குப் பிறந்து, ஏழைகள் விடுதியில் வளர்ந்தவர். அமெரிக்காவுக்குக் கப்பலேறி, நியூ ஆர்லியன்ஸில் ஒரு வணிகரின் பெயரைத் தன் பெயராக்கிக்கொண்டார். 1871-க்குப் பிறகு அவர் புகழ் உலகெங்கும் பரவியது, பெயரும் அதோடு பரவியது. பிறகு பெல்ஜிய மன்னர் லியோபோல்டுக்காக அவர் காங்கோவில் செய்த வேலை, ஆப்பிரிக்காவின் மிகப் பெரிய கொடுமைகளில் ஒன்றுக்கு வழி திறந்துவிட்டது. காங்கோ மக்கள் அதை மறக்கவில்லை. 1966-ல் ஸ்டான்லிவில் நகரத்தைக் கிசங்கானி என்று மாற்றினார்கள். ஸ்டான்லி அருவி போயோமா அருவியானது. கின்ஷாசாவில் நின்ற அவருடைய சிலையையும் அகற்றினார்கள். சரியாகத்தான் செய்தார்கள் என்று நினைக்கிறேன்.

அமெரிக்காவில் பெயருக்கு வேறொரு வாழ்க்கை அமைந்தது. கிழக்கு ஐரோப்பாவிலிருந்து வந்து இறங்கிய யூதக் குடும்பங்கள் பிள்ளைகளுக்கு ஸ்டான்லி, சிட்னி, மில்டன், இர்விங் என்று வைத்தன. புதிய நாட்டில் பிள்ளை ஒதுக்கப்படக் கூடாது என்ற தவிப்புதான் காரணம். இயக்குநர் ஸ்டான்லி கூப்ரிக் அந்தத் தலைமுறை. ஸ்பைடர்மேனை உருவாக்கியவர்களில் ஒருவரான ஸ்டான் லீயும் அப்படித்தான். 1922-ல் நியூயார்க்கில் பிறந்த அவருடைய பெயர் ஸ்டான்லி மார்ட்டின் லீபர். முதல் பெயரையே இரண்டாக உடைத்து ஸ்டான் லீ என்று புனைபெயர் ஆக்கிக்கொண்டார். உங்கள் மகன் கொஞ்சம் வளர்ந்ததும் இதைச் சொன்னால் துள்ளிக் குதிப்பான்.

போலந்திலிருந்து வந்தவர்கள் வேறு காரணத்துக்காக அதே பெயரை எடுத்தார்கள். ஸ்டானிஸ்வாஃப் என்ற தங்கள் ஊர்ப்பக்கத்துப் பெயருக்கு ஒலி ஒத்துப்போனதால் ஸ்டான்லி ஆனார்கள். 'புனிதர் பெயரின் சுருக்கம்' என்று உங்களிடம் ஒருவர் சொன்னாரே, அது இந்த இடத்தில்தான் வந்து நிற்கிறது.

ஸ்டானிஸ்வாஃப் ஸ்லாவிய மொழிப் பெயர், 'ஸ்லாவா' என்றால் புகழ். கல்லுக்கும் காட்டுக்கும் இதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. லத்தீனில் ஸ்டனிஸ்லாஸ். இந்தப் பெயரில் புகழ்பெற்ற புனிதர்கள் இருவர். 1079-ல் கொல்லப்பட்ட கிராகோவ் ஆயர் ஒருவர். பதினெட்டு வயது நிரம்புமுன் 1568-ல் ரோமில் இறந்த இயேசு சபையில் துறவறப் பயிற்சியில் இருந்த ஸ்டனிஸ்லாஸ் கோஸ்கா இன்னொருவர். இயேசு சபையினர் மதுரை, திருச்சிப் பக்கம் நெடுங்காலம் பணி செய்ததால் தமிழ்க் கத்தோலிக்கக் குடும்பங்களில் இந்தப் பெயர் உண்டு. பழங்குடி மக்களுக்காகப் போராடி, 2021-ல் நீதிமன்றக் காவலில் இறந்த ஸ்டான் சுவாமி அடிகள் திருச்சி மாவட்டத்துக்காரர். அவருடைய முழுப்பெயர் ஸ்டனிஸ்லாஸ் லூர்துசாமி. அவர் பெயரில் இருக்கும் ஸ்டான், ஸ்டான்லியின் ஸ்டான் இல்லை.

ஆகவே உங்கள் குடும்பம் கத்தோலிக்கக் குடும்பமாக இருந்தால் ஒரு வேலை செய்யுங்கள். மாமனார் திருமுழுக்கு (ஞானஸ்நானம்) பெற்ற பங்குத் தேவாலயத்தில் பழைய பதிவேட்டைப் பார்க்கச் சொல்லுங்கள். அந்தக் காலத்தில் பெரும்பாலும் லத்தீனில்தான் எழுதினார்கள். அங்கே ஸ்டனிஸ்லாஸ் என்று இருந்தால், வீட்டில் ஸ்டான்லி என்று கூப்பிட்டுப் பழகியிருக்கிறார்கள், பெயர் புனிதருடையதுதான் என்று பொருள். அப்போது கவர்னர் கதையை நான் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன். ஸ்டனிஸ்லாஸ் கோஸ்காவின் திருநாள் நவம்பர் 13. மாமனாரின் பிறந்த நாள் அதற்குப் பக்கத்தில் வந்தால் அதுவும் ஒரு தடயம்.

சீர்திருத்தச் சபைக் (புராட்டஸ்டண்ட்) குடும்பமாக இருந்தால் இன்னொரு வாய்ப்பையும் யோசிக்கலாம். அமெரிக்க மெதடிஸ்ட் மிஷனரி இ. ஸ்டான்லி ஜோன்ஸ். 1907-ல் இந்தியா வந்து, 1973-ல் இங்கேயே இறந்தவர். காந்தியின் நண்பர், இந்தியச் சுதந்திரத்தை வெளிப்படையாக ஆதரித்தவர், 1930-ல் இமயமலை அடிவாரத்தில் சாத் தாலில் ஆசிரமம் அமைத்தவர். அவர் பெயர் 1920-களிலிருந்தே இந்தியத் திருச்சபைகளில் பரவலாகத் தெரிந்தது. ஸ்டான்லி ஜோன்ஸ் என்று இரண்டையும் சேர்த்தே பிள்ளைக்கு வைத்தவர்களும் இருக்கிறார்கள். கவர்னரின் பெயரும் இவருடைய பெயரும் ஒரே காலத்தில் காதில் விழுந்த வீடுகளில் எது முந்தியது என்று இன்று பிரித்துச் சொல்ல முடியாது.

'கிறிஸ்தவப் பெயரா' என்று யாராவது கேட்டால்: பைபிளில் இல்லை, பழைய புனிதர் வரிசையிலும் இல்லை. ஆனால் குவாத்தமாலாவில் பழங்குடி மக்களோடு வாழ்ந்து 1981-ல் சுட்டுக் கொல்லப்பட்ட அமெரிக்கக் குரு ஸ்டான்லி ரோதரை 2017-ல் கத்தோலிக்கத் திருச்சபை அருளாளராக, அதாவது புனிதர் நிலைக்கு முந்தைய படியில், அறிவித்தது. ஞானஸ்நானப் பெயராக வைக்க அதுவே போதும்.

தவறு இல்லை என்று சொன்னேனே, அதற்கான காரணம் இதுதான். இந்தப் பெயரை வைத்திருந்தவர்களில் பிரபுக்களும் கவர்னர்களும் ஒரு கைப்பிடி. மற்ற அத்தனை பேரும் முடிதிருத்துபவரின் மகன், அகதியாக வந்தவரின் மகன், நாகர்கோவில் வாத்தியார், யாழ்ப்பாணத்துக் குமாஸ்தா. கல்லும் காடுமாகக் கிடந்த ஓர் இடத்துக்கு அங்கே வாழ்ந்த உழவர்கள் வைத்த சொல் அது. பிரபுக்கள் எடுத்து வைத்திருந்ததை மறுபடி உழைக்கிறவர்கள் வாங்கிக்கொண்டார்கள். உங்கள் வீட்டில் அந்தப் பெயரைச் சொன்னால் எல்லோருக்கும் நினைவு வருவது ஜார்ஜ் ஸ்டான்லி துரையா, உங்கள் மாமனாரா? இங்கிலாந்திலும் நடுவில் தாத்தா காலத்துப் பெயராகி ஒதுங்கிக் கிடந்தது, இந்த நூற்றாண்டில் மறுபடி குழந்தைகளுக்கு வைக்கிறார்கள். பழசு என்று தயங்க வேண்டாம்.

எழுதும் முறை பற்றிக் கொஞ்சம். தமிழ்நாட்டில் ஸ்டான்லி என்றும் ஸ்டேன்லி என்றும் எழுதுகிறோம், யாழ்ப்பாணத்தில் ஸ்ரான்லி, அங்கே ஸ்ரான்லி வீதி என்றே ஒரு தெரு இருக்கிறது. எது வேண்டுமானாலும் சரிதான். ஆங்கிலத்தில் Stanley, கடைசி y-க்கு முன்னால் e வர வேண்டும். நம் பக்கத்தில் அதை விட்டுவிட்டு எழுதும் பழக்கம் உண்டு, மாமனாரின் சான்றிதழ்களிலும் அப்படி இருக்கலாம். மகனுக்குப் பிறப்புச் சான்றிதழில் என்ன எழுத்தோ அதே எழுத்து ஆதார், பள்ளி, பாஸ்போர்ட் எல்லாவற்றிலும் வரும்படி முதல் நாளிலிருந்தே பார்த்துக்கொள்ளுங்கள். பிறப்புப் பதிவை முதலில் பெயரில்லாமல் செய்திருந்தாலும் பரவாயில்லை. பதிவான நாளிலிருந்து 12 மாதத்துக்குள் பெயரைச் சேர்க்கக் கட்டணம் கிடையாது. அதற்குள் பங்குப் பதிவேட்டையும் பார்த்துவிடலாம்.